ஆறு பவுண்டும் ஒரு சாப்பாட்டு மேசையும்: 'ஸ்டீவ்' ஷெர்லி பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

குழந்தைக்காக மென்பொருள் வேலையை விட்டுவிட்டு மறுபடியும் வரலாமா என்று யோசிக்கும் பெண்களோடு பேசும்போதெல்லாம் நான் ஒரு பெயரைச் சொல்வேன்: டேம் ஸ்டெஃபனி ஷெர்லி ('டேம்' என்பது பிரிட்டன் பெண்களுக்குத் தரும் கௌரவப் பட்டம்). பெயரைச் சொன்னதும் கேள்விகள் வரும். அப்படித் திரும்பத் திரும்ப வந்த கேள்விகளையும் நான் சொல்லும் பதில்களையும் இங்கே எழுதி வைத்திருக்கிறேன்.

யார் இவர்?

1962-ல் இங்கிலாந்தில், கையில் 6 பவுண்டு முதலோடு, வீட்டுச் சாப்பாட்டு மேசையில் ஒரு மென்பொருள் நிறுவனத்தைத் தொடங்கியவர். அதன் பெயர் ஃப்ரீலான்ஸ் புரோகிராமர்ஸ். வேலை செய்தவர்கள் கிட்டத்தட்ட அத்தனை பேரும் பெண்கள், அதுவும் அவரவர் வீட்டிலிருந்தே. அந்த நிறுவனம் 1996-ல் லண்டன் பங்குச் சந்தைக்குப் போனது. அதனால் ஊழியர்களில் 70 பேர் கோடீஸ்வரர்கள் ஆனார்கள். ஷெர்லி 2025 ஆகஸ்ட் 9 அன்று, 91 வயதில் காலமானார்.

'ஸ்டீவ்' என்பது ஆண் பெயர் அல்லவா?

ஆமாம். அதற்காகத்தான் வைத்துக்கொண்டார். நிறுவனம் தொடங்கிய புதிதில் வேலை கேட்டுப் பல கம்பெனிகளுக்குக் கடிதம் எழுதினார். 'ஸ்டெஃபனி ஷெர்லி' என்று கையெழுத்திட்டால் பதிலே வரவில்லை. 'ஸ்டீவ் ஷெர்லி என்று போட்டுப் பாரேன்' என்றார் கணவர் டெரெக். போட்டார். பதில் வரத் தொடங்கியது, நேரில் வரச் சொல்லி அழைப்பும் வந்தது. வந்து நிற்பவர் ஒரு பெண் என்று எதிரில் இருப்பவருக்குத் தெரிவதற்குள் அவர் அறைக்குள் போய்க் கைகுலுக்கியிருப்பார். அந்தப் பெயர் கடைசிவரை ஒட்டிக்கொண்டது. நண்பர்கள் அவரை ஸ்டீவ் என்றே கூப்பிட்டார்கள்.

அவர் ஆங்கிலேயரா?

பிறப்பால் இல்லை. 1933-ல் ஜெர்மனியின் டார்ட்மண்ட் நகரில் பிறந்தார். அப்போது வைத்த பெயர் வேரா புக்தால். அப்பா யூதர், நீதிபதி. நாஜிகள் ஆட்சிக்கு வந்ததும் பதவி பறிபோனது. 1939 ஜூலையில், போர் தொடங்கச் சில வாரங்களே இருந்தபோது, ஐந்து வயது வேராவையும் ஒன்பது வயது அக்காவையும் பெற்றோர், குடும்பம் குடிபெயர்ந்திருந்த வியன்னாவில் ரயிலேற்றி அனுப்பினார்கள். நாஜிகளிடமிருந்து சுமார் 10,000 குழந்தைகளைக் காப்பாற்றி பிரிட்டனுக்குக் கொண்டுவந்த 'கிண்டர்டிரான்ஸ்போர்ட்' ஏற்பாட்டின் ரயில் அது. குழந்தைகளின் கழுத்தில் எண் எழுதிய அட்டை தொங்கியது. பெற்றோர் கூட வர அனுமதி இல்லை.

இங்கிலாந்தில் சட்டன் கோல்ட்ஃபீல்டு என்ற ஊரில் ஒரு தம்பதி அந்த இருவரையும் வளர்த்தார்கள். பெற்ற தாயும் தந்தையும் பிழைத்தார்கள், பிறகு சந்திக்கவும் செய்தார்கள். ஆனால் அறுந்துபோன பாசம் பழையபடி ஒட்டவில்லை என்று ஷெர்லியே பல முறை சொல்லியிருக்கிறார். காப்பாற்றப்பட்ட உயிர் அதற்குத் தகுதியானதாக இருக்க வேண்டும் என்ற எண்ணம் சிறு வயதிலேயே தனக்குள் விழுந்துவிட்டது என்றும் சொல்வார். அவர் பின்னால் செய்த பல காரியங்களை அந்த ரயிலை நினைக்காமல் புரிந்துகொள்ள முடியாது என்பது என் எண்ணம்.

எங்கே படித்தார்? பெரிய பல்கலைக்கழகமா?

பல்கலைக்கழகத்துக்கே போகவில்லை. அவர் படித்த பெண்கள் பள்ளியில் மேல்கணிதம் சொல்லிக்கொடுக்க ஏற்பாடு இல்லாததால், தனி அனுமதி வாங்கிப் பக்கத்து ஆண்கள் பள்ளிக்குப் போய்ப் படித்தார். கல்லூரி என்று வந்தபோது அறிவியலில் பெண்களுக்குத் திறந்திருந்தது தாவரவியல் மட்டுமே. அது வேண்டாம் என்று நேராக வேலைக்குப் போனார்.

போன இடம் லண்டன் டாலிஸ் ஹில்லில் இருந்த பிரிட்டிஷ் தபால் துறையின் ஆராய்ச்சி நிலையம். தபால் துறைதானே என்று நினைக்க வேண்டாம். போர்க்காலத்தில் எதிரியின் சங்கேதச் செய்திகளை உடைத்த கொலாசஸ் கணினியை டாமி ஃப்ளவர்ஸ் குழு கட்டியது அங்கேதான். ஷெர்லி அங்கே கணினிகளை அடியிலிருந்து உருவாக்கும் வேலையிலும், இயந்திர மொழியில் புரோகிராம் எழுதும் வேலையிலும் இருந்தார். பகலில் வேலை, மாலையில் வகுப்பு. ஆறு வருடம் இப்படிப் படித்துக் கணிதப் பட்டம் வாங்கினார்.

நல்ல வேலையை ஏன் விட்டார்?

1959-ல் இயற்பியலாளர் டெரெக் ஷெர்லியைத் திருமணம் செய்துகொண்டு, கணினி வடிவமைக்கும் ஒரு சிறிய நிறுவனத்துக்கு மாறினார். அங்கே வேலை பிடித்திருந்தது. ஆனால் தொழில்நுட்பத்தைத் தாண்டி வியாபாரத்தைப் பற்றிக் கருத்துச் சொன்னால், அதெல்லாம் உங்கள் விஷயம் இல்லை என்ற பதில்தான் கிடைத்தது. இதற்கு மேல் ஏற முடியாது என்று புரிந்ததும் வெளியே வந்துவிட்டார்.

முன்னேற ஆசைப்படும் பெண்ணை அடையாளம் கண்டுபிடிப்பது எப்படி என்று அவர் ஒரு வேடிக்கை சொல்வார்: எல்லாரும் சின்னப் பிள்ளையைத் தட்டுவது போலத் தட்டித் தட்டியே அவளுடைய உச்சந்தலை தட்டையாகியிருக்கும்.

1962-ல் மென்பொருளை யார் விலை கொடுத்து வாங்கினார்கள்?

அநேகமாக யாரும் இல்லை. கணினி வாங்கினால் மென்பொருள் இலவசமாகக் கூடவே வரும், அதுதான் அன்றைய வழக்கம். ஐபிஎம் நிறுவனமே 1969-ல்தான் மென்பொருளுக்குத் தனி விலை வைக்கப்போவதாக அறிவித்தது. அதற்கு ஏழு வருடம் முன்பே, இலவசமாகக் கிடைப்பதை விற்கப் போகிறேன் என்று ஒரு பெண் கிளம்பினால் சிரிக்கத்தான் செய்வார்கள். சிரித்தார்கள்.

அன்றைய இங்கிலாந்தில் கணவரின் அனுமதி இல்லாமல் வங்கிக் கணக்குக்கூடத் தொடங்க முடியாது என்று அவர் சொல்லியிருக்கிறார். முதலீடு அந்த 6 பவுண்டும் அவருடைய உழைப்பும்தான். பிறகு வீட்டை அடமானம் வைத்துக் கடன் வாங்கினார்.

வீட்டில் கணினியே இல்லாத காலத்தில் வீட்டிலிருந்து எப்படிப் புரோகிராம் எழுதினார்கள்?

எல்லாரும் கேட்கும் கேள்வி இது. எனக்கு மிகப் பிடித்த கேள்வியும் இதுதான்.

அன்று புரோகிராம் எழுதக் கணினி தேவையில்லை. பென்சிலும் காகிதமும் போதும். முதலில் செய்ய வேண்டிய வேலையை, படிப்படியாகக் காட்டும் ஃப்ளோ சார்ட் படமாக வரைவார்கள். அப்புறம் அதைப் பார்த்து ஒவ்வொரு கட்டளையாகக் காகிதத்தில் புரோகிராம் எழுதுவார்கள். எழுதிய தாள்களைத் தபாலில் போட்டால் அவை ஒரு கணினி மையத்துக்குப் போகும். அங்கே ஒருவர் அதைப் பார்த்து அட்டையிலோ காகித நாடாவிலோ துளையிடுவார். தப்பு இருக்கக் கூடாது என்பதற்காக அதே தாளைப் பார்த்து மறுபடியும் ஒரு முறை துளையிட்டுச் சரிபார்ப்பார்கள். இத்தனைக்கும் பிறகுதான் கணினி அதைத் தொடும்.

அதாவது ஒரு சின்னத் தவறு நடந்தால் அது தபாலில் போய், தபாலிலேயே திரும்பி வரும். இன்று நாம் ஒரு பொத்தானைத் தட்டி நொடியில் தெரிந்துகொள்வதற்கு அன்று நாள்கணக்கில் காத்திருக்க வேண்டும். ஆகவே எழுதியதை மனதுக்குள்ளேயே ஓட்டிப் பார்க்கத் தெரிந்தவர்தான் நல்ல புரோகிராமர். குழந்தை தூங்கும் மதியத்தில், சமையலறை மேசையில், அமைதியாக உட்கார்ந்து செய்ய மிகப் பொருத்தமான வேலை அது. மற்றவர்கள் கண்ணில் படாத அந்தப் பொருத்தத்தை ஷெர்லி பார்த்தார்.

வேலைக்கு விண்ணப்பித்தவர்களிடம் அவர் கேட்ட முக்கியமான கேள்விகளில் ஒன்று, உங்கள் வீட்டில் தொலைபேசி வசதி இருக்கிறதா என்பது. அப்போது எல்லா வீட்டிலும் தொலைபேசி இல்லை. வாடிக்கையாளரிடம் பேசும்போது பின்னால் குழந்தைச் சத்தம் கேட்காமல் இருக்க, டைப்ரைட்டர் ஓசையை டேப்பில் பதிவுசெய்து வைத்துக்கொண்டு அதை ஓடவிடுவார். கேட்பவருக்குப் பரபரப்பான அலுவலகம் மாதிரி இருக்கும். 2020-ல் ஊரடங்கின்போது குக்கர் விசில் கேட்டுவிடக் கூடாதே என்று மைக்கை அணைத்து அணைத்துப் பேசினோமே, அப்போது எனக்கு அந்த டேப்தான் நினைவுக்கு வந்தது.

மேற்பார்வையாளர் பக்கத்தில் இல்லாமல் தரத்தை எப்படிக் காப்பாற்றினார்கள்?

நம்பிக்கை, ஆனால் கண்ணை மூடிய நம்பிக்கை இல்லை. ஒரு வேலையை எப்படிப் பகுதிகளாகப் பிரிப்பது, எதை எப்படி எழுதி ஆவணப்படுத்துவது, ஒருவர் எழுதியதை இன்னொருவர் எப்படிச் சோதிப்பது என்று ஆரம்பத்திலேயே விதிகள் வகுத்தார்கள். வீட்டுக்கு ஒருவராகச் சிதறி இருந்ததால் வேறு வழியும் இல்லை. பக்கத்து நாற்காலியில் இருப்பவரிடம் வாயால் சொல்லிவிட்டுப் போகும் வசதி இல்லையென்றால் எல்லாவற்றையும் தெளிவாக எழுதித்தானே ஆக வேண்டும்? அந்த மென்பொருள் தர விதிமுறைகளை நேட்டோ அமைப்பே பிற்பாடு ஏற்றுக்கொண்டது.

அவர்களைப் பற்றி எழுதுகிறவர்கள் சமையலறை மேசையையே பெரிதாகச் சொல்கிறார்கள். இந்த விதிமுறைகளைச் சொல்லாமல் விடுவது எனக்கு வருத்தம். அந்தப் பெண்கள் சலுகையில் பிழைக்கவில்லை. அவர்களுடைய வேலை தரமாக இருந்தது.

கான்கார்ட் விமானத்துக்கு அவர்கள் மென்பொருள் எழுதினார்களாமே, உண்மையா?

உண்மை. ஒலியைவிட வேகமாகப் பறந்த அந்தப் பயணிகள் விமானத்தின் கறுப்புப் பெட்டி சார்ந்த புரோகிராம்களை எழுதியவர்கள் இந்த வீட்டுப் பெண்கள். அந்தக் குழுவை நடத்தியவர் ஆன் மொஃபட். அவர் வீட்டு மேசையில் புரோகிராம் எழுதிக்கொண்டிருக்க, பக்கத்தில் அவருடைய சின்னக் குழந்தை இருக்கும் புகைப்படம் ஒன்று உண்டு. பார்க்காதவர்கள் தேடிப் பாருங்கள். பின்னாளில் மொஃபட் அந்த நிறுவனத்தின் தொழில்நுட்ப இயக்குநர் ஆனார்.

மற்றபடி சரக்கு ரயில் அட்டவணை, பேருந்து நேர அட்டவணை, கிடங்கு இருப்புக் கணக்கு என்று தினசரி உலகத்துக்குத் தேவையான வேலைகளே அதிகம்.

பெண்களை மட்டும் வேலைக்கு எடுத்தது பாகுபாடு இல்லையா?

சட்டப்படி ஒரு கட்டத்தில் அப்படித்தான் ஆனது. முதல் 300 ஊழியர்களில் ஆண்கள் 3 பேர்தான். 1975-ல் பிரிட்டனில் பாலினப் பாகுபாட்டுத் தடைச் சட்டம் வந்தது. பெண்களைக் காக்க வந்த சட்டம், பெண்களுக்காகவே தொடங்கிய நிறுவனத்தின் கொள்கையைச் செல்லாததாக்கியது. ஷெர்லி ஆண்களுக்கும் கதவைத் திறந்தார்.

ஆனால் அந்த முதல் பதின்மூன்று வருடங்களை நான் குறையாகப் பார்க்கவில்லை. திருமணம் ஆனதும், அல்லது முதல் குழந்தை பிறந்ததும், பயிற்சி பெற்ற பெண்கள் தொழிலை விட்டுப் போவதுதான் அன்றைய நடப்பு. வேறு யாரும் தேடாத திறமையை அவர் தேடிப்போனார்.

அவர்களுடைய கொள்கை வாசகம் மாறிக்கொண்டே வந்ததையும் கவனியுங்கள். முதலில் 'குழந்தைகள் உள்ள பெண்களுக்கு வேலை'. பிறகு 'வேலை' என்ற சொல்லை எடுத்துவிட்டு, படிப்படியாக உயரக்கூடிய 'பணி வாழ்க்கை' என்று மாற்றினார்கள். அப்புறம் 'குழந்தைகள்' என்பதற்குப் பதிலாக, வயதான பெற்றோரையும் உடல்நலமில்லாத கணவரையும் கவனிக்கும் பெண்களும் அடங்கும்படி 'தம்மைச் சார்ந்தவர்கள்' என்று மாற்றினார்கள். கடைசியில் 'பெண்கள்' என்பதும் 'மனிதர்கள்' ஆயிற்று. இதில் முதல் மாற்றத்தைத்தான் நான் பெரிதாக மதிக்கிறேன். வேலை கொடுப்பவர்கள் பலர் உண்டு. பாதி நேரம் வேலை செய்யும் ஒரு தாய்க்கும் பதவி உயர்வு வேண்டும் என்று நினைப்பவர்கள் இன்றும் குறைவு.

எல்லாமே வெற்றிதானா?

இல்லை. 1970-களின் தொடக்கத்தில் பொருளாதாரம் சரிந்தபோது நிறுவனம் மூழ்கும் நிலைக்குப் போனது. ஃப்ரீலான்ஸ் முறையின் கசப்பான பக்கமும் அப்போது தெரிந்தது. ஆர்டர் இல்லையென்றால் வீட்டிலிருக்கும் புரோகிராமருக்குச் சம்பளம் இல்லை. இதை மறைத்துவிட்டு அவருடைய கதையைச் சொல்வது நேர்மை ஆகாது.

அவருக்குக் குழந்தைகள் உண்டா?

ஒரே மகன், ஜைல்ஸ். 1963-ல் பிறந்தான். அழகான, அமைதியான குழந்தை. இரண்டரை வயதில், பேசத் தொடங்கியிருந்த கொஞ்சப் பேச்சையும் இழந்தான். கடுமையான ஆட்டிசம். அதற்குப் பிறகு அவன் பேசவே இல்லை. ஆட்டிசம் என்ற சொல்லே அப்போது பெரும்பாலான பெற்றோருக்குத் தெரியாது. வளர வளர வலிப்பும் சேர்ந்துகொண்டது.

பகலில் நிறுவனம், இரவில் தூங்காத மகன். 1970-களின் நடுவில் கணவன் மனைவி இருவருமே மனமும் உடலும் உடைந்துபோனார்கள். ஷெர்லி மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். ஜைல்ஸை ஒரு மருத்துவமனை விடுதியில் விட வேண்டியதாயிற்று. பல வருடங்கள் அவன் அங்கேதான் இருந்தான்.

பெண்களுக்கு வேலையையும் வீட்டையும் சேர்த்து நடத்த வழி செய்தவர், தன் வீட்டில் அது முடியாமல் விழுந்தார் என்பதை அவர் ஒருபோதும் மறைக்கவில்லை. 'எல்லாவற்றையும் எப்படிச் சமாளித்தீர்கள்' என்று பெண் நிர்வாகிகளிடம் மட்டும் கேட்கப்படும் கேள்விக்கு இவ்வளவு உண்மையான பதிலை நான் வேறு எவரிடமும் கேட்டதில்லை. சமாளிக்கவில்லை. விழுந்தார், எழுந்தார். அந்த நேரத்தில் நிறுவனத்தைத் தாங்கிப் பிடித்தவர்கள் மற்ற பெண்கள்.

நான் ஐந்து வருடம் வீட்டில் இருந்துவிட்டேன். இந்தக் கதையால் எனக்கு என்ன பயன்?

என் மகள் பிறந்தபோது நானும் வேலையை விட்டேன். மூன்று வருடம் கழித்து ஒரு நேர்காணலுக்குப் போனேன். இந்த மூன்று வருடம் என்ன செய்தீர்கள் என்று கேட்டார்கள். நான் தலையைக் குனிந்துகொண்டேன். வேலை கிடைக்கவில்லை.

பிறகுதான் ஷெர்லியைப் பற்றிப் படித்தேன். அவர் ஆள் தேடியதே தொழிலை விட்டுப் போன பெண்களிடம். நமக்குக் குறையாகத் தெரியும் இடைவெளி அவருக்கு ஒரு சந்தை. ஆகவே உங்கள் கேள்விக்கு நான் சொல்வது இதுதான்: நேர்காணலில் மன்னிப்புக் கேட்கிற குரலில் பேசாதீர்கள். எத்தனை மணி நேரம் தர முடியும், எந்த நேரத்தில் முடியும், அந்த நேரத்துக்குள் எதை முடித்துக் கொடுப்பீர்கள் என்று எழுதிக்கொண்டு போங்கள். அடுத்த முறை நான் அப்படித்தான் போனேன்.

கடைசிவரை அவரேதான் நிறுவனத்தை நடத்தினாரா?

இல்லை. 1985-ல் ஹிலரி கிராப்பரை முதன்மை நிர்வாகியாகக் கொண்டுவந்தார். நிறுவனத்தைப் பெரிதாக வளர்த்தவர் கிராப்பர். தொடங்கிய ஒருவர் தன்னைவிட நன்றாக நடத்தக்கூடியவரிடம் சாவியைக் கொடுப்பது எளிதல்ல. ஷெர்லி 1993-ல், 60 வயதில் ஓய்வு பெற்றார்.

ஊழியர்கள் எப்படிக் கோடீஸ்வரர்கள் ஆனார்கள்?

உழைத்தவர்களுக்கே நிறுவனம் சொந்தமாக வேண்டும் என்பது அவருடைய நெடுநாள் பிடிவாதம். அதற்கான சட்ட வழிகளைத் தேடிப் படிக்கவே அவருக்குப் பல வருடங்கள் ஆயின. தன் பங்குகளில் கணிசமானவற்றை ஊழியர்களுக்குக் கொடுத்தார். 1990-களின் தொடக்கத்தில் நிறுவனத்தின் கட்டுப்பாடே அவர்கள் கைக்குப் போனது. ஆகவே 1996-ல் பங்குச் சந்தைக்குப் போனபோது, லாபம் அவரோடு நிற்கவில்லை.

அந்த நிறுவனம் இப்போது இருக்கிறதா?

அந்தப் பெயரில் இல்லை. எஃப் இன்டர்நேஷனல், எஃப்ஐ குரூப் என்று மாறி, 2001-ல் சான்சா ஆனது. 2007-ல் பிரெஞ்சு நிறுவனமான ஸ்டெரியா வாங்கியது. இன்று அது சோப்ரா ஸ்டெரியாவின் ஒரு பகுதி. 1997-ல் இந்திய நிறுவனம் ஒன்றை வாங்கி இங்கேயும் கால் வைத்தது, சென்னையிலும் அலுவலகம் இருந்தது. சான்சாவில் வேலை பார்த்த சென்னைக்காரர்கள் இதைப் படித்தால், உங்கள் அடையாள அட்டையின் வேர் ஒரு சாப்பாட்டு மேசையில் இருக்கிறது.

பட்டங்கள், விருதுகள்?

பிரிட்டிஷ் கணினிக் கழகத்தின் முதல் பெண் தலைவர் (1989). 2000-ல் டேம் பட்டம், 2017-ல் கம்பேனியன் ஆஃப் ஆனர்.

சம்பாதித்த பணத்தை என்ன செய்தார்?

கொடுத்துவிட்டார். 6.7 கோடி பவுண்டுக்கும் மேல். இணையம் சமூகத்தை எப்படி மாற்றுகிறது என்று ஆராயும் ஆக்ஸ்ஃபோர்டு இணைய ஆய்வு நிறுவனம் 2001-ல் தொடங்க அவருடைய நன்கொடை பெரிய காரணம். மற்றதில் பெரும்பகுதி ஆட்டிசத்துக்குப் போனது. ஆட்டிசம் உள்ள பெரியவர்கள் மருத்துவமனையில் இல்லாமல் வீட்டில் வாழ உதவும் ஒரு தொண்டு அமைப்பு, பெர்க்‌ஷயரில் பிரையர்ஸ் கோர்ட் என்ற பள்ளி, ஆராய்ச்சிக்கு ஒரு தனி அமைப்பு. எங்கே வசதி இல்லையோ அங்கே ஒன்றை உருவாக்கினார்.

அந்தத் தொண்டு அமைப்பின் முதல் வீட்டில் முதலில் குடியேறியவர் ஜைல்ஸ். மருத்துவமனை விடுதியிலிருந்து ஒரு வீட்டுக்கு வந்தார். 1998-ல், 35 வயதில், ஒரு வலிப்பில் இறந்துபோனார்.

ஷெர்லி ஆசை ஆசையாகச் சேர்த்த ஓவியங்களும் சிற்பங்களும் இருந்தன. அவற்றையும் தன்னிடம் வைத்துக்கொள்ளவில்லை. மருத்துவமனைகளுக்கு ஓவியம் வழங்கும் ஓர் அமைப்புக்குச் சிலவற்றைக் கொடுத்தார். மற்றவற்றைப் பிரையர்ஸ் கோர்ட்டுக்குக் கொடுத்தார், அந்தப் பள்ளிப் பிள்ளைகள் தினமும் பார்ப்பதற்கு.